ஜெனரேட்டர் மேல் வைத்த கம்பாஸ்

டவர் வேலைக்குப் புதிதாக வந்திருப்பவர்களுக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று கேட்டார்கள். எதைப் பற்றி என்று கேட்டேன். உங்களுக்குப் பிடித்த ஒரு வார்த்தையைப் பற்றி என்றார்கள். எனக்குப் பிடித்தது என்று சொல்ல முடியாது, என்னை நன்றாகக் குட்டிய வார்த்தை ஒன்று இருக்கிறது. அஜிமத்.

அர்த்தம் சொல்ல ஐந்து நிமிடம் போதும். வடக்கைப் பார்த்து நில்லுங்கள். அது பூஜ்யம். கடிகார முள் போகிற பக்கமாகத் திரும்புங்கள். கிழக்கு தொண்ணூறு, தெற்கு நூற்றெண்பது, மேற்கு இருநூற்றெழுபது. நீங்கள் பார்க்க வேண்டிய இடத்துக்கு நேராக வந்ததும் நின்றுவிடுங்கள். எத்தனை டிகிரி திரும்பினீர்களோ அதுதான் அஜிமத். படுக்கை வாட்டில் திரும்புவது மட்டும்தான் கணக்கு. ஆன்டெனாவைக் கீழே குனிய வைப்பது டில்ட், அது வேறு. இரண்டையும் குழப்பி ரிப்போர்ட் எழுதாதீர்கள், படிக்கிறவருக்குத் தலைவலி வரும்.

பாடப் புத்தகத்தில் திசைவில் என்று போட்டிருப்பார்கள். வானநூல் படித்தவர் ஒரு நட்சத்திரம் எந்தப் பக்கம் எழும்புகிறது என்று சொல்ல இதே வார்த்தையைச் சொல்வார். சர்வேயர் எல்லைக் கல்லிலிருந்து எல்லைக் கல்லுக்குச் சொல்வார். டிஷ் மாட்டுகிறவர் சாட்டிலைட்டுக்குச் சொல்வார், அல்லது பக்கத்து மொட்டை மாடி டிஷ்ஷைப் பார்த்து அதே போல் திருப்பிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார். நமக்கு அது ஆன்டெனாவின் முகம். அந்த முகம் எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறதோ அந்தப் பக்கத்து ஊருக்குச் சிக்னல் கிடைக்கும்.

இதில் யாரும் சொந்தப் பாஷை பேசக் கூடாது. முதல் வருஷத்தில் ஓர் இன்ஜினியர், "டவருக்கு இடது பக்கம் உள்ள ஆன்டெனா பழுது" என்று எழுதினார். டவருக்கு ஏது இடது, ஏது வலது? சாப்பிடுகிற கை ஒன்று, கழுவுகிற கை ஒன்று என்று அதற்கு இருக்கிறதா? ஆபீஸே சிரித்தது. அந்த இன்ஜினியர் நான்தான்.

இது சும்மா வேடிக்கைக்கு. சொல்ல வந்தது வேறு. முப்பது வருஷத்துக்கு மேல் கம்பாஸ் பிடித்த பிறகு, ஓய்வுக்குச் சில வருஷம் இருக்கும்போது நான் செய்த தப்பு அது. புதியவர்கள் தப்புச் செய்தால் சொல்லித் திருத்த ஆள் இருப்பார்கள். பழையவன் தப்புச் செய்தால் அவன் சொல்வதுதான் ரிப்போர்ட். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

தெற்கே பல ஊர்களில் வேலை பார்த்துவிட்டுக் கடைசியாகத் திருத்தணிக்கு மாற்றல் வாங்கி வந்திருந்தேன். மணவூர் என் சொந்த ஊர். தினமும் ரயிலேறி வேலைக்கு வருவேன். சொந்தச் சீமைக்கு வந்துவிட்ட மிதப்பு எனக்குக் கொஞ்சம் அதிகமாகவே இருந்தது.

திருத்தணியில் ஆடிக் கிருத்திகை என்றால் உங்களுக்கே தெரியும். காவடி, பால்குடம், மஞ்சள் உடுப்பு, எங்கே பார்த்தாலும் அரோகரா. அத்தனை பேர் கையிலும் போன். அதனால் எங்களுக்கு ஒரு வழக்கம் இருந்தது. ஊர் எல்லையில், கனகம்மாசத்திரம் போகும் சாலையோரம் ஒரு டவர் உண்டு. அதன் மூன்று ஆன்டெனாக்களில் ஒன்று நூற்று நாற்பது டிகிரியில், நெல் வயலையும் கரும்பையும் தாண்டி இருக்கும் ஒரு சின்ன ஊரைப் பார்த்து நிற்கும். திருவிழாவுக்கு நான்கு நாள் முன்னால் அதை அறுபதுக்குத் திருப்புவோம். அங்கேதான் விழாப் பேருந்துகள் நிற்கும் மைதானம். தெப்பம் முடிந்த மறுநாள் திரும்பவும் நூற்று நாற்பதுக்கு வைப்போம். அந்தச் சின்ன ஊர்க்காரர்கள் முருகனுக்காக அந்த ஒரு வாரம் பொறுத்துக்கொள்வார்கள்.

மேலே ஏறித் திருப்புகிறவரை ரிக்கர் என்போம். எனக்கு வாய்த்த ரிக்கர் அரக்கோணத்துக்காரர், ஏறக்குறைய என் வயது. தம்பிக்கு மெக்கானிக் கடை, இவருக்கு டவர். பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டதால் எல்லோரும் கூப்பிட்டபடி பாய் என்றே எழுதுகிறேன்.

அவரிடம் ஒரு பழக்கம். போல்ட்டை முறுக்கி முடித்ததும் சட்டைப் பையிலிருந்து சிவப்பு நெயில் பாலிஷ் சீசாவை எடுப்பார். போல்ட், நட்டு, ஆன்டெனாவைக் கம்பத்தோடு கவ்வும் கிளாம்ப் மூன்றின் மேலும் சேர்த்து ஒரே கோடாக இழுப்பார். பிறகு எது ஒரு நூல் நகர்ந்தாலும் கோடு உடைந்து காட்டிவிடும். பஸ் ஸ்டாண்டு வளையல் கடையில் நாற்பது வருஷத் தாடியோடு போய் நெயில் பாலிஷ் கேட்கிற ஆள் அவர் ஒருவர்தான் என்று கிண்டல் செய்வோம். அவரும் சிரித்துக்கொள்வார்.

அந்த வருஷம் தெப்பத்துக்கு மறுநாள் தூறல். ஒரே நாளில் நான்கு டவர்களைப் பழைய நிலைக்குக் கொண்டுவர வேண்டும். கடைசியாக இந்த டவருக்கு வந்தோம். மலையும் தெரியவில்லை, சூரியனும் தெரியவில்லை, அந்தச் சின்ன ஊரும் தெரியவில்லை. பாய் மேலே ஏறிவிட்டார்.

கம்பாஸ் பார்க்கும்போது இரும்பை விட்டு முப்பது அடியாவது தள்ளி நிற்க வேண்டும். இரண்டு இடத்தில் நின்று பார்க்க வேண்டும், இரண்டும் ஒத்துப்போனால்தான் எழுத வேண்டும். இதை எத்தனை பேருக்கு நானே வகுப்பெடுத்திருக்கிறேன் தெரியுமா? அன்றைக்கு நான் என்ன செய்தேன் என்றால், நனையாமல் இருக்க ஜெனரேட்டருக்குப் போட்டிருந்த தகரக் கூரைக்குள் போய் நின்றேன். கை ஆடாமல் இருக்க ஜெனரேட்டர் பெட்டியின் மேலேயே கம்பாஸை வைத்தேன். ஒரு டன் இரும்பின் தலையில் முள்ளை வைத்துவிட்டு அது வடக்கைக் காட்டும் என்று நம்பினேன். முள் சொன்ன நூற்று நாற்பதுக்கு நேராகத் தூரத்தில் செங்கல் சூளையின் புகைபோக்கி தெரிந்தது.

"பாய், அந்தச் சூளைக்கு நேரா வைங்க" என்று கத்தினேன்.

பாய் மேலே நின்று இரண்டு பக்கமும் திரும்பிப் பார்த்தார். பிறகு, "சார், எனக்கு இது ஒத்து வர்ல" என்றார்.

"என்ன ஒத்து வரல?"

"நான் தொழுவுற திக்குக்கு முதுவக் காட்டி நிக்கிறேன் சார். எப்பவும் இந்த ஆன்டெனா என் சோத்தாங்கைப் பக்கம் வரும். நீங்க சொல்ற எடம் பீச்சாங்கைப் பக்கம் போவுது."

"பாய், கம்பாஸ் என் கையில இருக்கு. நான் இந்தப் பக்கத்து ஆளு. எனக்கே திக்கு சொல்றீங்களா? வைங்க சீக்கிரம்."

"ஆங், சரிங்க சார்" என்றார். வைத்தார், முறுக்கினார், கோடு போட்டார், இறங்கினார். நூற்று நாற்பது தெளிவாகத் தெரியும்படி கம்பாஸை ஒரு போட்டோ எடுத்து ரிப்போர்ட்டில் ஒட்டினேன். அன்று மாலை ரயிலில் நன்றாகத் தூங்கினேன்.

பதினைந்து நாள் கழித்துப் புகார் வந்தது. அந்தச் சின்ன ஊரில் சிக்னல் இல்லை. காரில் மீட்டர் வைத்து ஊரைச் சுற்றி அளந்தவர்கள், ஆன்டெனா தப்பான பக்கம் பார்க்கிறது என்று எழுதிவிட்டார்கள். காலையில் மேலதிகாரி போன் செய்தார்.

"உங்க போட்டோல நூத்தி நாப்பது தெளிவா இருக்கு. அப்புறம் எப்படித் திரும்புச்சு? ரிக்கர் போல்ட்டைச் சரியா முறுக்கல, அப்படித்தானே?"

"இருக்கலாம் சார்" என்றேன்.

"அதை எழுதி அனுப்பிடுங்க."

அனுப்பினேன். 'கிளாம்ப் தளர்ந்து ஆன்டெனா நகர்ந்திருக்க வாய்ப்பு உள்ளது.' மணவூர் ஸ்டேஷனில் ரயில் வருவதற்குள் போனிலேயே எழுதிய ஒரு வரி. நான் பொய் எழுதுவதாக அப்போது நினைக்கவில்லை. உண்மையா என்று பார்க்கவும் இல்லை. அன்று மாலையே பாயின் ஏறும் அனுமதி அட்டையை நிறுத்தி வைத்தார்கள். அட்டை இல்லாத ரிக்கருக்கு எந்த டவரிலும் கேட் திறக்காது. விசாரணை முடிவு அவருக்கு எதிராக வந்தால் அட்டை திரும்ப வரவே வராது. அவருக்கு வேறு தொழில் தெரியாது என்பது எனக்கு நன்றாகத் தெரியும். ஒருவர் வேலையை ஒரு வரியில் நிறுத்திவிட்டோமே என்று உள்ளே ஏதோ குத்தியது. நான்தான் தட்டிக் கொடுத்து அடக்கி வைத்தேன்.

ஐந்தாம் நாள் வேறொரு ரிக்கரோடு அந்த டவருக்குப் போனேன். நகரிப் பக்கத்துக்காரர், சின்ன வயது, வேலையில் கெட்டி. வேலிக்கு வெளியே ஏழெட்டுப் பெண்கள் நின்றிருந்தார்கள், அந்தச் சின்ன ஊர்க்காரர்கள். அவர்களுக்கு முன்னால் நின்றவர் தேசம்மா. நூறு நாள் வேலையில் அந்த ஊருக்குப் பொறுப்பாளர். வேலைக்கு வந்தவர்களை நிற்க வைத்துப் போனில் படம் எடுத்து ஏற்றினால்தான் வருகை பதியும்.

"படம் ஏறவே மாட்டேங்குது சார்" என்றார். "காத்தால ஒருவாட்டி, மத்தியானம் ஒருவாட்டி ஏரிக்கரை மேல ஓடிகினு கீறேன். அங்க போயும் சில நாளு ஏறல. வெயில்ல மண்ணு வெட்டினவங்களுக்கு நான் இன்னா பதில் சொல்றது? கிருத்திகைக்கு முந்தி நல்லாதான இருந்துச்சு? எங்க நைனாவுக்கு நெஞ்சு வலின்னு ஒருநாளு வந்துச்சு, ஆம்புலன்ஸ கூப்புட ரோட்டுக்கு ஓடியாந்தேன். சாமி புண்ணியத்துல பொழச்சிகினாரு."

"இன்னிக்குச் சரி பண்ணிடுறோம்மா" என்றேன்.

மேலே போன ரிக்கர் கொஞ்ச நேரத்தில் குரல் கொடுத்தார். "சார், போல்ட்டு அசையவே இல்ல. செகப்புக் கோடு எல்லாத்துலயும் அப்டியே கீது. ஒரு நூலு நவுரல."

கிளாம்ப் நகரவில்லை என்றால் ஆன்டெனா நகரவில்லை. ஆன்டெனா நகரவில்லை என்றால் அது இருப்பது நான் வைக்கச் சொன்ன இடத்தில். பாய் சொன்ன சோத்தாங்கை, பீச்சாங்கை காதில் வந்து விழுந்தது. டவருக்குத்தான் இடது வலது கிடையாது. தினம் ஐந்து வேளை ஒரு திக்கைப் பார்த்து நிற்கிற மனிதருக்கு அது உண்டு. அவர் தொழுவது மேற்கிலிருந்து சற்று வடக்கே தள்ளி, நம் கணக்கில் இருநூற்று எண்பத்தெட்டு. முதுகுக்கு நேரே நூற்றெட்டு. நூற்று நாற்பது அவருடைய வலது கைப் பக்கம்தான் வந்தாக வேண்டும்.

கூரைக்குள் போய் ஜெனரேட்டர் மேல் கம்பாஸை வைத்தேன். முள் சூளையைக் காட்டி நூற்று நாற்பது என்றது. வெளியே வந்து வேலியோரம் நின்று பார்த்தேன். அதே சூளை எண்பத்தைந்தில் இருந்தது. ஐம்பத்தைந்து டிகிரி வித்தியாசம்.

அந்த நிமிடத்தை நான் உங்களிடம் மறைக்கப் போவதில்லை. வாயை மூடிக்கொண்டால் போதும் என்று தோன்றியது. ரிக்கரைத் திருப்பச் சொன்னால் சிக்னல் வந்துவிடும், பெண்கள் போய்விடுவார்கள், போட்டோ என் பக்கம் பேசும். ஓய்வுக்குக் கொஞ்ச காலம்தான் இருந்தது. மாலை, சால்வை, நல்ல பேரோடு வீட்டுக்குப் போகலாம்.

தேசம்மா வேலிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னா சார், அங்க வெச்சா ஒண்ணு காட்டுது, இங்க வெச்சா ஒண்ணு காட்டுது?"

"பக்கத்துல இரும்பு இருந்தா முள்ளை இழுத்துடும்மா."

"அப்போ அன்னிக்கி எங்க வெச்சிப் பாத்தீங்க?"

ஆபீஸில் யாரும் என்னைக் கேட்காத கேள்வி அது. போட்டோவில் எண் இருக்கிறதா என்று பார்த்தார்களே தவிர, எங்கே வைத்து எடுத்தாய் என்று கேட்கவில்லை. நானும் என்னைக் கேட்டுக்கொள்ளவில்லை.

"அங்கதாம்மா. கூரைக்குள்ள."

"அப்ப தப்பு உங்களுது."

"ஆங். என்னுதுதான்."

ரிக்கரிடம் சரியான திக்கைச் சொல்லித் திருப்ப வைத்தேன். ஊரின் மேல்நிலைத் தண்ணீர்த் தொட்டி இப்போது ஆன்டெனாவுக்கு நேராக இருந்தது. தேசம்மா வீட்டுக்குப் போய், அங்கிருந்தே போன் செய்தார். "படம் ஏறிச்சு சார், ரெண்டும் ஏறிச்சு" என்றார். நன்றியெல்லாம் சொல்லவில்லை. சொல்ல வேண்டியவன் நான்தான், அவர் போனை வைத்த பிறகுதான் அது எனக்கு உறைத்தது.

அங்கேயே நின்று மேலதிகாரியை அழைத்தேன். "சைட்தான் சரியாயிடுச்சே சார். ரிப்போர்ட் அப்படியே இருக்கட்டும். இந்த வயசுல உங்களுக்கு எதுக்கு?" என்றார். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். நான் இரண்டு இடத்திலும் கம்பாஸைப் போட்டோ எடுத்து, உடையாத சிவப்புக் கோட்டின் போட்டோவையும் சேர்த்து, என் முதல் ரிப்போர்ட் தவறு, ரிக்கர் மேல் குற்றம் இல்லை, ஒத்து வரவில்லை என்று அவர் சொன்னதை நான் கேட்கவில்லை என்று எழுதி அனுப்பினேன். என்னிடம் விளக்கம் கேட்டு ஒரு கடிதம் வந்தது. பாயின் அட்டை இரண்டு நாளில் திரும்ப வந்தது.

அரக்கோணத்துக்கு நேரில் போனேன். பாய் தம்பி கடையில் உட்கார்ந்து ஏதோ கார்புரேட்டரைத் துடைத்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்துவிட்டுத் துடைப்பதை நிறுத்தவில்லை. தம்பிதான் ஸ்டூல் போட்டார். நான் மன்னிப்புக் கேட்டேன். நீளமாகக் கேட்டேன், மழை, அவசரம், நான்கு டவர் என்று.

"கம்பாஸத் தப்பா வெச்சிட்டீங்க, அது பரவால்ல சார்" என்றார் பாய். "மழை, அவசரம். எனக்கும்தான் ஆவும். ஆனா நான் கோடு போட்டு வெச்சிருந்தேனே? அது எதுக்கு? ஒருத்தராவது மேல ஏறி அத்தப் பாத்துட்டு எழுதுவாங்கன்னு அஞ்சு நாளா காத்துகினு இருந்தேன். எழுதுறதுக்கு முந்தி ஏறக் கூடாதா சார்?"

 

கார்புரேட்டரைக் கீழே வைத்துவிட்டு அவரே கேட்டார். "என் போல்ட்ட வேற ஆளு கழட்டிப் பூட்டியிருக்கான். கோடு போட்டானா?"

"இல்ல பாய்."

"அப்ப நான் பாக்கணும். நீங்களும் ஏறணும்."

எனக்கும் ஏறும் பயிற்சி அட்டை இருந்தது. பர்ஸில் மட்டும் இருந்தது. மறுநாள் டவரடியில் எனக்குப் பெல்ட்டை அவரே மாட்டி, இரண்டு தடவை இழுத்துப் பார்த்து, எனக்குக் கீழேயே ஏறி வந்தார், நான் வழுக்கினால் பிடிக்க. பாதியில் நான் கீழே குனிந்து பார்த்தேன். "கீழ பாக்காதீங்க சார். கைய மட்டும் பாருங்க. ஆங், அப்டித்தான்" என்று சொல்லிக்கொண்டே வந்தார். அவர் அட்டையைப் பறித்தவனை அவர் தாங்கிக்கொண்டு ஏறினார்.

மேலே காற்று. மலையும் கோயிலும் ஒரு பக்கம், சூளை ஒரு பக்கம், கரும்புக்கு அப்பால் தண்ணீர்த் தொட்டி. பாய் தான் தொழும் திக்குக்கு முதுகைக் காட்டி நின்று வலது கையை நீட்டினார். விரலுக்கு நேரே தொட்டி. நான் கம்பாஸைத் தேடவே இல்லை.

"அஜிமத்துங்கறது அரபிலேர்ந்து வந்த வார்த்தை சார்" என்றார். "திக்குங்க, வழிங்கன்னு அர்த்தமாம். எங்க பள்ளிவாசல் அஜ்ரத்து சொல்லிக் கேட்டிருக்கேன். அன்னிக்கே சொல்லியிருப்பேன், நீங்கதான் கேக்கற மாதிரி இல்லையே." நான் சிரித்துவிட்டேன். அவரும் அன்றைக்கு முதல் தடவையாகச் சிரித்தார்.

போல்ட்டுகளை ஒவ்வொன்றாக முறுக்கிப் பார்த்தார். திருப்தியானதும் சட்டைப் பையிலிருந்து நெயில் பாலிஷை எடுத்து என்னிடம் நீட்டினார்.

"கோடு நீங்க போடுங்க சார்."

ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் போட்டேன்.

அந்த மனிதருக்கு நான் எவ்வளவு கடன்பட்டிருக்கிறேன் என்று சொல்லி முடியாது. அவர் என்னைத் திட்டியிருக்கலாம், ஊரெல்லாம் சொல்லியிருக்கலாம். அதைச் செய்யாமல் என்னை ஏற்றிக் காட்டினார். தேசம்மாவுக்கும் நான் நன்றி சொல்ல வேண்டும். எங்கே வைத்துப் பார்த்தீர்கள் என்று அவர் கேட்டிருக்காவிட்டால் நான் மாலை சால்வையோடு, ஒரு மனிதரின் பிழைப்பை முழுங்கிவிட்டு வீட்டுக்கு வந்திருப்பேன். அதற்குப் பிறகு ஓய்வு பெறும் வரை, ஒரு ரிக்கர் மேலிருந்து "ஒத்து வர்ல சார்" என்றால் நான் வேலையை நிறுத்திவிடுவேன். கம்பாஸை எடுத்துக்கொண்டு இன்னோர் இடத்துக்கு நடப்பேன்.

உங்களில் யாராவது அந்த டவரில் ஏற நேர்ந்தால், தொட்டியைப் பார்க்கிற ஆன்டெனாவின் கிளாம்ப்பைக் கவனியுங்கள். துண்டு துண்டாக உடைந்து, ஆனால் நூல் பிடித்த மாதிரி நேராக ஒரு பழைய சிவப்புக் கோடு இருக்கும். அது பாய் போட்டது. பக்கத்திலேயே நெளிந்து நெளிந்து இன்னொரு கோடு இருக்கும். பெயின்ட் அடிக்கும்போது தயவுசெய்து இரண்டையும் அழித்துவிடாதீர்கள். நெளிந்த கோடு என்னுடையது.